சொந்த ஊரில் 81 ஆட்டங்கள்

நேயர்களுக்கு என் அன்பான வணக்கம்.

அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் நான் சில ஆண்டுகள் வாழ்ந்தேன். அங்கே பனிக்காலம் முடியும் தறுவாயில், சட்டைப் பையில் அடங்கும் சிறிய அட்டை ஒன்றைக் கடைகளில் இலவசமாகத் தருவார்கள். வரவிருக்கும் ஆறு மாதங்களும் அதில் கட்டம் கட்டமாக அச்சாகியிருக்கும். வண்ணம் பூசிய கட்டம் என்றால், ரெட் சாக்ஸ் பேஸ்பால் அணி அன்று உள்ளூரில், ஃபென்வே பார்க் மைதானத்தில் ஆடுகிறது என்று பொருள். வண்ணமில்லாத கட்டம் என்றால், அணி வேறு ஏதோ ஓர் ஊரில் இருக்கிறது. மைதானத்துக்குப் பக்கத்துத் தெருக்களில் வண்டி நிறுத்த இடம் கிடைக்குமா, மாலை ரயிலில் நிற்கவாவது இடம் இருக்குமா என்பதையெல்லாம் அந்த அட்டையைப் பார்த்தே நாங்கள் முடிவு செய்வோம். வண்ணக் கட்டங்களை எண்ணிப் பார்த்தால் 81 இருக்கும். அந்த 81 எங்கிருந்து வந்தது, அதை எப்படிப் பாடுபட்டுக் காக்கிறார்கள் என்பதைத்தான் இன்று உங்களோடு பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

அமெரிக்காவின் முதன்மைப் பேஸ்பால் போட்டியில் இன்று 30 அணிகள் ஆடுகின்றன. அவற்றில் ஒன்று கனடாவின் டொராண்டோ நகரைச் சேர்ந்தது. ஒவ்வோர் அணியும் ஒரு பருவத்தில் 162 ஆட்டங்கள் ஆடுகிறது. அவற்றில் சரிபாதி சொந்த மைதானத்திலும் மறுபாதி எதிரணிகளின் ஊர்களிலும் நடக்கின்றன. ஆறு மாதத்தில் 162 ஆட்டங்கள் என்றால் ஏறக்குறைய நாள்தோறும் ஆட்டம்தான். ஆகவே ஓர் அணி ஓர் ஊருக்குப் போனால் ஒரே ஓர் ஆட்டம் ஆடிவிட்டுத் திரும்புவதில்லை. மூன்று அல்லது நான்கு நாள்கள் தங்கி, அதே எதிரணியோடு ஒரு தொடராக ஆடி முடித்து, அங்கிருந்து நேராக அடுத்த ஊருக்குப் புறப்படுகிறது. உள்ளூரிலும் அப்படித்தான்: ஒரு வாரமோ பத்து நாளோ வரிசையாக இரண்டு மூன்று அணிகள் வந்து போகும், பிறகு மைதானம் ஒரு வாரம் ஓய்ந்து கிடக்கும்.

162 என்ற எண் வந்த வழி மிக அழகானது. இந்தப் போட்டியின் அணிகள் அமெரிக்கன் லீக், நேஷனல் லீக் என்ற இரண்டு குழுக்களாகப் பிரிந்திருக்கின்றன. 1960 வரை இரண்டு லீக்குகளிலும் எட்டெட்டு அணிகள் இருந்தன; அவை தத்தம் லீக்குக்குள் மட்டுமே மோதின. ஓர் அணிக்கு ஏழு எதிரணிகள். ஒவ்வொன்றோடும் 22 ஆட்டங்கள். ஆக மொத்தம் 154. அதில் ஒவ்வோர் எதிரணியும் 11 ஆட்டங்களுக்கு நம் ஊருக்கு வரும். ஏழு பதினொன்று 77. அமெரிக்கன் லீக் 1961இலும், நேஷனல் லீக் 1962இலும் பத்து அணிகளாக விரிந்தபோது, ஒன்பது எதிரணிகளோடு 18 ஆட்டங்கள் வீதம் 162 என்று கணக்கை மாற்றினார்கள். அதன்படி ஒவ்வோர் எதிரணியும் ஒன்பது ஆட்டங்களுக்கு நம் மைதானத்துக்கு வந்தது. ஒன்பது ஒன்பது 81. பிறகு அணிகள் பெருகின, லீக்குகள் பிரிவுகளாக உடைந்தன; அந்தப் பெருக்கல் வாய்ப்பாடு என்றோ பொருந்தாமல் போய்விட்டது. ஆனாலும் 162 என்ற எண்ணை மட்டும் விடாமல் பிடித்துக்கொண்டார்கள். இன்றைய அட்டவணையின் சிக்கல் முழுவதும், காரணம் மறைந்த பின்னும் நிலைத்துவிட்ட அந்த எண்ணைச் சரியாகப் பகிர்ந்து கொடுப்பதில்தான் இருக்கிறது.

2025 முதல் நடைமுறையில் உள்ள பங்கீட்டைச் சுருக்கமாகச் சொல்கிறேன். தன் பிரிவிலுள்ள நான்கு அணிகளோடு 13 வீதம் 52 ஆட்டங்கள். தன் லீக்கிலுள்ள மற்ற பத்து அணிகளோடு ஆறு அல்லது ஏழு வீதம் 62. எதிர் லீக்கின் 15 அணிகளோடு 48. கடைசிக் கணக்கில், பரம்பரைப் போட்டியாளர் என்று கருதப்படும் ஓர் அணியோடு மட்டும் ஆறு ஆட்டங்கள். மற்ற 14 அணிகளோடும் ஒரே ஒரு மூன்று ஆட்டத் தொடர். அந்தத் தொடர் இந்த ஆண்டு நம் ஊரில் நடந்தால், அடுத்த ஆண்டு அவர்கள் ஊரில் நடக்கும். எல்லா அணிகளும் எல்லா அணிகளோடும் மோத வேண்டும் என்ற இந்த முறை 2023இல்தான் வந்தது. அதற்கு முன்பு, எதிர் லீக்கின் புகழ்பெற்ற வீரர் ஒருவரைத் தன் ஊரில் காண ஒரு சிறுவன் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. இப்போது இரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறையாவது அவர் வந்தே தீர வேண்டும். இதை நான் மிக நல்ல மாற்றமாகக் கருதுகிறேன்.

எத்தனை ஆட்டங்கள் என்பது முடிவான பிறகுதான், எந்த நாளில் என்ற கடினமான வேலை தொடங்குகிறது. 1982 முதல் 2004 வரை இந்த அட்டவணையை ஹென்றி, ஹோலி ஸ்டீபன்சன் என்ற கணவன் மனைவி இருவர் கணினியின் துணையோடு வகுத்துக் கொடுத்தார்கள். அவர்களுக்குப் பின், கார்னெகி மெலன் பல்கலைக்கழகப் பேராசிரியர் மைக்கேல் ட்ரிக் இடம்பெற்றிருந்த குழு இப்பணியை ஏற்றது. மொத்தம் 2,430 ஆட்டங்கள். அவற்றில் ஒன்றை நகர்த்தினாலும் வேறு எங்கோ ஒரு தொடர் இடறும். போதாக்குறைக்கு, ஓய்வு நாள் இல்லாமல் 20 நாள்களுக்கு மேல் தொடர்ந்து ஆடக்கூடாது என்ற வரம்பு வீரர் சங்கத்துடனான ஒப்பந்தத்தில் இருக்கிறது. நெடுந்தொலைவு பறக்க வேண்டிய நாளில் இரவு ஆட்டத்தைத் தவிர்க்க வேண்டும் என்பதால், தொடரின் கடைசி ஆட்டம் பல நேரங்களில் பிற்பகலிலேயே தொடங்கிவிடுகிறது.

அதன் மேல் ஒவ்வோர் ஊருக்கும் தனித்தனி வேண்டுகோள்கள். ஏப்ரல் மாதத்தின் மூன்றாவது திங்கட்கிழமை மாசசூசெட்ஸ் மாநிலத்தில் விடுமுறை. அன்றுதான் பாஸ்டன் மாரத்தான். அன்று ரெட் சாக்ஸ் உள்ளூரில் காலை 11 மணியளவில் ஆட்டத்தைத் தொடங்குவது வழக்கம். ஆட்டம் முடிந்து வெளியே வருபவர்கள், அருகிலுள்ள கென்மோர் சதுக்கத்தில் ஓடிவரும் வீரர்களைக் கைதட்டி வரவேற்பார்கள். சிகாகோவில் இரண்டு அணிகள், இரண்டு மைதானங்கள். இரண்டுக்கும் ஒரே ரயில் பாதை. கூடுமானவரை ஓர் அணி ஊரில் இருக்கும்போது மற்றது வெளியூரில் இருக்கும்படி பார்த்துக்கொள்கிறார்கள். அந்த மைதானங்களில் ஒன்றான ரிக்லி ஃபீல்டு, வீடுகள் நெருங்கிய தெருக்களுக்கு நடுவே 1914இல் கட்டப்பட்டது. அங்கே இரவு ஆட்டத்துக்கான விளக்குகள் எரிந்ததே 1988இல்தான். அக்கம்பக்கத்தாரின் உறக்கத்தைக் கருதி, ஆண்டுக்கு எத்தனை இரவு ஆட்டங்கள் நடத்தலாம் என்பதை நகராட்சி விதி இன்றும் கட்டுப்படுத்துகிறது.

மைதானமே வேறு வேலைக்குத் தேவைப்பட்டால் என்ன ஆகும்? 1992இல் குடியரசுக் கட்சியின் தேசிய மாநாடு ஹூஸ்டன் நகரின் ஆஸ்ட்ரோடோமில் நடந்தது. அதற்காக ஆஸ்ட்ரோஸ் அணி 28 நாள்களில் 26 ஆட்டங்களை வெளியூர்களிலேயே ஆட வேண்டியிருந்தது. 2010 ஜூனில் டொராண்டோவில் ஜி-20 மாநாடு கூடியபோது, அந்நகரின் புளூ ஜேஸ் அணி தன் தொடரை எதிரணியின் ஊரான பிலடெல்பியாவிலேயே ஆடியது. பேஸ்பாலில் இன்னிங்ஸ் என்பது இரு அணிகளும் ஆளுக்கொரு முறை மட்டை பிடிக்கும் ஒரு சுற்று. உள்ளூர் அணிக்குரிய உரிமை, ஒவ்வோர் இன்னிங்ஸிலும் இரண்டாவதாக மட்டை பிடிப்பது. பிலடெல்பியா ரசிகர்கள் நிறைந்த மைதானத்தில், அந்த உரிமையை டொராண்டோ அணிக்கே விட்டுக்கொடுத்தார்கள்.

வானத்தின் சோதனை இதைவிடப் பெரிது. 2007 ஏப்ரல் 6 அன்று கிளீவ்லாந்தில் உள்ளூர்ப் பருவத்தின் முதல் ஆட்டம், எதிரணி சியாட்டில். அன்றைய விதிப்படி, உள்ளூர் அணி முன்னிலையில் இருந்தால், எதிரணி தன் ஐந்தாவது இன்னிங்ஸை ஆடி முடித்தால்தான் ஆட்டம் கணக்கில் சேரும். கிளீவ்லாந்து 4-0 என்று முன்னிலை வகிக்க, எதிரணிக்கு ஒரு ஹிட்டும் தராமல் பந்துவீசிய பால் பர்டுக்கு, எதிரணியின் ஐந்தாவது இன்னிங்ஸை முடிக்க ஒரே ஒரு ஸ்ட்ரைக் (மட்டையாளருக்கு எதிராக எண்ணப்படும் பந்து) தேவைப்பட்ட கட்டத்தில், பனி கொட்டி ஆட்டம் நின்றுபோனது. அந்தத் தொடரின் நான்கு ஆட்டங்களும் அப்படியே பனியில் மறைந்தன. அடுத்து ஏஞ்சல்ஸ் அணியுடன் நடக்கவிருந்த மூன்று ஆட்டங்களைக் கூரையுள்ள மில்வாக்கி மைதானத்துக்கு மாற்றினார்கள். சியாட்டில் அணி அந்த ஆண்டில் மறுபடி கிளீவ்லாந்துக்கு வர வேண்டியதே இல்லை என்பதால், விட்டுப்போன ஆட்டங்களுக்காகத் தனியே நாள் தேடிப் பறந்து வர வேண்டியதாயிற்று. அவற்றில் ஒன்றை மட்டும் செப்டம்பரில் சியாட்டில் மண்ணிலேயே, கிளீவ்லாந்தை உள்ளூர் அணியாகக் கொண்டு ஆடி முடித்தார்கள். அண்மையிலும் இப்படி ஒன்று நடந்தது. 2024 அக்டோபரில் வீசிய மில்டன் புயல் டாம்பா பே அணியின் மைதானக் கூரையைக் கிழித்தெறிந்தது. அடுத்த ஆண்டு அந்த அணி திறந்தவெளிச் சிறு மைதானம் ஒன்றில் ஆட நேர்ந்தபோது, புளோரிடாவின் கோடை மழைக்கு முன்பே உள்ளூர் ஆட்டங்கள் கூடுதலாக நடக்கட்டும் என்று, ஏஞ்சல்ஸ், ட்வின்ஸ் ஆகிய அணிகளுடனான தொடர்களை இடம் மாற்றி அமைத்தார்கள்.

இவ்வளவு பாடும் எதற்காக என்று கேட்பவர்களுக்கு, நான் 1899ஆம் ஆண்டைத்தான் காட்டுவேன். கிளீவ்லாந்து ஸ்பைடர்ஸ் அணியின் முதலாளிகள் செயின்ட் லூயிஸ் அணியையும் விலைக்கு வாங்கி, நல்ல வீரர்களையெல்லாம் அங்கே மாற்றிவிட்டார்கள். எஞ்சிய அணியின் ஆட்டத்தைக் காணக் கிளீவ்லாந்தில் ஆளில்லை. நுழைவுக் கட்டணத்தில் கிடைக்கும் பங்கு பயணச் செலவுக்கே போதாது என்று எதிரணிகள் அங்கே வர மறுத்தன. அந்த ஆண்டு ஸ்பைடர்ஸ் ஆடிய 154 ஆட்டங்களில் 42 மட்டுமே உள்ளூரில் நடந்தன. 112 ஆட்டங்களுக்கு வீரர்கள் ரயிலில் ஊர் ஊராக அலைந்தார்கள். 20 வெற்றி, 134 தோல்வி என்ற கணக்கோடு பருவம் முடிந்தது. மறு ஆண்டு அந்த அணியே இல்லை. தோற்கிற அணியின் ஊருக்கும் சாம்பியன் அணியின் ஊருக்கும் சமமாக 81 என்று இன்று எழுதி வைத்திருப்பதை, நான் வெறும் கணக்காக எண்ணவில்லை. தோற்கும் அணியையும் நேசிக்கிற ஊர்க்காரர்களுக்குத் தந்த வாக்காகவே எண்ணுகிறேன்.

அட்டவணையின் கடைசிக் கட்டம், பருவத்தின் இறுதி ஞாயிற்றுக்கிழமை. யாருடைய முடிவும் முன்கூட்டியே தெரிந்து, அதற்கேற்ப இன்னொருவர் ஆடிவிடக் கூடாது என்பதற்காக, 2015 முதல் அன்றைய 15 ஆட்டங்களையும் ஏறக்குறைய ஒரே நேரத்தில் தொடங்குகிறார்கள். கிழக்குக் கரையில் பிற்பகல் மூன்று மணி, மேற்குக் கரையில் நண்பகல் பன்னிரண்டு மணி. 15 மைதானங்களில் கூட்டம் கூடியிருக்கும். மற்ற 15 மைதானங்களில் வாயிற்கதவுகள் பூட்டிக் கிடக்கும்.

வணக்கம்.