அந்த பேண்டில் எல்லோரும் இடக்கைக்காரர்களா?

அடுத்த கேள்வி. "1941-ல் எடுத்த ஒரு மூன்று நிமிட பேண்டுப் படம் பார்த்தேன். டிரம்பெட்காரர் இடது கையால் வாசிக்கிறார், டிரம் மேலே எழுத்தெல்லாம் இடவலம் மாறித் தெரிகிறது. இணையத்தில் ஏற்றியவர் திருப்பிப் போட்டுவிட்டாரா?" என்று ஒரு நேயர் கேட்கிறார்.

அவர் மேல் தப்பு இருக்காது. நீங்கள் பார்த்தது பெரும்பாலும் சவுண்டீஸ் வகைப் படம், அதாவது காசு போட்டுப் பார்க்கும் பெட்டிகளுக்காக எடுத்த குட்டிப் பாட்டுப் படம். அந்தப் பிரதிகளை அச்சிடும்போதே திருப்பித்தான் அச்சிட்டார்கள்.

1940-ல் சிகாகோவின் மில்ஸ் நாவல்டி கம்பெனி 'பனோராம்' என்று ஒரு பெட்டியைக் கொண்டுவந்தது. பீரோ மாதிரி பெரிய மரப்பெட்டி, மேலே ஒரு திரை. மதுக்கடைகளிலும் உணவகங்களிலும் நிற்கும். பத்து சென்ட் போட்டால் ஒரு பாட்டு ஓடும். பிடித்ததைத் தேர்ந்தெடுக்க முடியாது. ஒரு ரீலில் எட்டுப் படங்கள், வரிசையில் அடுத்தது எதுவோ அதுதான். டியூக் எலிங்டன் பேண்டும் வரும், அடுத்த காசுக்கு ஸ்கேட்டிங் வித்தைக்காரர்களும் வருவார்கள்.

சரி, திருப்பம் எங்கே வருகிறது? பெட்டிக்கு அடியில் 16 மி.மீ. புரொஜெக்டர். அதன் ஒளி கண்ணாடிகளில் பட்டுத் திரும்பி, திரையின் பின்பக்கத்தில் விழும். அந்த வழியில் இடம் வலமாகிவிடும். அதனால் பிரதியை முன்கூட்டியே திருப்பி வைத்தால்தான் பார்ப்பவருக்கு நேராகத் தெரியும். அதே பிரதியைப் பிற்காலத்தில் சாதாரண புரொஜெக்டரில் ஓட்டிப் படியெடுத்தபோது, இடக்கை பேண்டு பிறந்துவிட்டது.

படம் திரும்பியிருக்கிறதா என்று கண்டுபிடிக்க, எழுத்து இல்லாத காட்சியில் டிராம்போனைப் பாருங்கள். நீளக் குழாயை இழுப்பது வலது கையாக இருக்க வேண்டும். ஆண்களின் கோட்டில் மார்புப் பை இடப்பக்கம் இருக்க வேண்டும்.

இது சின்ன விஷயம் இல்லை. ஜாஸ் பியானோ கலைஞர் ஃபேட்ஸ் வாலர் 1941-ல் நான்கு சவுண்டீஸ் செய்தார், 1943-ல் காலமாகிவிட்டார். அவர் வாசித்த 'ஸ்டிரைட்' பாணிப் பியானோவின் உயிரே இடது கைதான். அடி ஸ்வரத்தைத் தொட்டு, உடனே நடுவுக்குத் தாவிக் கொத்தாக அழுத்தி, மறுபடி கீழே போகும். படம் திரும்பியிருந்தால் அந்தக் கையை வலது கை என்று நினைத்துவிடுவோம். பியானோ பழகும் பிள்ளைகளுக்குக் காட்டுவதாக இருந்தால், வீடியோ மென்பொருளில் இடவலமாகத் திருப்பிவிட்டு அப்புறம் காட்டுங்கள்.