பீவர் தோலுக்குப் பிரெஞ்சுக்காரர் கொடுத்த விலை

நண்பர்களே, வணக்கம். கண்ணாடி மணிகளையும் செப்புக் கலங்களையும் காட்டி, கனடாவின் பூர்வகுடிகளை ஏமாற்றிப் பிரெஞ்சுக்காரர் பீவர் என்னும் நீர்வாழ் விலங்கின் தோல்களை அள்ளிச் சென்றனர் என்று கதையைச் சுருக்கிவிடுவோர் பலர். தொடக்க ஆண்டுகளைப் பொறுத்தவரை நான் இதை ஏற்கவில்லை; அப்போது பேரத்தில் பூர்வகுடிகளின் கையே ஓங்கியிருந்தது.

1603 மே மாதம், செயின்ட் லாரன்ஸ் ஆற்றங்கரையிலுள்ள ததுசாக்கில், இன்னு மக்களின் தலைவர் அனதாபிஜுவைப் பிரெஞ்சு வணிகர் கிராவே துபோனும் அவரோடு வந்த சாமுவேல் ஷாம்ப்ளேனும் சந்தித்தனர். பிரான்சுக்குச் சென்று திரும்பியிருந்த இன்னு மக்கள் இருவர், பிரெஞ்சு மன்னர் இன்னு மண்ணில் தம் மக்களைக் குடியேற்ற விரும்புவதையும், இரோக்குவா பகைவரோடு சமாதானம் செய்துவைக்கவோ, இல்லையேல் படை அனுப்பவோ அவர் முன்வந்திருப்பதையும் எடுத்துரைத்தனர். அனதாபிஜு இசைந்தார். படைத்துணைக்கு ஈடாகவே குடியிருக்க இடம் கிடைத்தது என்பதை மறந்துவிடக் கூடாது.

1608இல் கியூபெக்கை நிறுவிய ஷாம்ப்ளேனோடு அங்கே குளிர்காலத்தைக் கழித்த 28 பேரில் எட்டுப் பேரே பிழைத்தனர். அந்த நிலையில் கூட்டாளிகள் போருக்கு அழைத்தபோது மறுக்க முடியுமா? 1609 ஜூலை 30 அன்று, இன்னு, அல்கோன்குவின், வெண்டாட் வீரர்கள் சுமார் 60 பேரோடும் இரண்டே பிரெஞ்சுக்காரரோடும் சென்ற அவர், இரோக்குவா இனத்தவரான ஏறத்தாழ 200 மோஹாக் வீரரை எதிர்கொண்டு, முதல் வேட்டிலேயே அவர்களின் தலைவர் இருவரை வீழ்த்தினார். மறு ஆண்டு, எத்தியேன் புரூலே என்னும் பிரெஞ்சு இளைஞன் கூட்டாளிகளின் மொழியைக் கற்க அவர்களோடு சென்றான். சவிஞோன் என்னும் வெண்டாட் இளைஞன் பிரான்சுக்குக் கப்பலேறினான்.

இத்தனையும் தொப்பிக்காகத்தான்! பீவரின் மென்மயிரை அழுத்தித்தான் ஐரோப்பியச் சீமான்களின் ஃபெல்ட் தொப்பிகள் செய்யப்பட்டன. அதிலும் புதுத் தோலைவிட, பூர்வகுடிகள் மயிர்ப்பக்கம் உடலில் படுமாறு ஓரிரு குளிர்காலம் போர்த்திய பழந்தோலுக்கே மதிப்பு மிகுதி; ஏனெனில் முரட்டு நீள்மயிர் உதிர்ந்து, மென்மயிர் மட்டுமே அதில் எஞ்சியிருக்கும். தாம் உடுத்திக் கழித்ததற்கு இரும்புக் கோடரி கிடைத்தால், ஏமாந்தவர் யார் என்று நீங்களே சொல்லுங்கள்.

ஆனால் இந்தச் சாதகநிலை நீடிக்கவில்லை. உள்நாட்டுத் தோல்களைத் திரட்டித் தந்த வெண்டாட் மக்களில் ஏறக்குறைய பாதிப்பேரை 1630களின் கொள்ளைநோய்கள் பலிகொண்டன; டச்சுக்காரரிடம் துப்பாக்கி பெற்ற இரோக்குவா படை 1649இல் எஞ்சியோரையும் சிதறடித்தது. அதன்பின், தோல் தேடிப் பிரெஞ்சு இளைஞர்களே மரப்பட்டை ஓடமேறி மேற்கு ஏரிகளுக்குப் போக வேண்டியதாயிற்று.