ஹைகோர்ட் மனுவைத் திரும்பப் பெற்றுவிட்டேன், காரணம் இதுதான்

வணக்கம். மதுரை ஹைகோர்ட் கிளையில் போட்டிருந்த சீராய்வு மனுவை நேற்று திரும்பப் பெற்றுவிட்டேன். வீட்டுக்கு வந்ததும் அம்மா கேட்ட முதல் கேள்வி, "அப்போ தோத்துட்டோமா?" இல்லை. அதைச் சொல்லத்தான் இந்த வீடியோ.

குடும்ப நீதிமன்றம் எனக்கும் மகளுக்கும் சேர்த்து மாதம் 10,000 ரூபாய் ஜீவனாம்சம் என்று உத்தரவு போட்டு 15 மாதம் ஆகிறது. தொகை போதாது என்று சீராய்வுக்குப் போனேன். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆவது பிரிவில் வரும் ஜீவனாம்சத்துக்கு மேல்முறையீடு கிடையாது, சீராய்வுதான். அங்கே, கீழ்க்கோர்ட்டில் இருந்த ஆவணங்களை வைத்து உத்தரவு சரியா என்றுதான் பார்ப்பார்கள். ஆனால் அதற்கப்புறம் மகளுடைய அப்பா கூடுதல் சம்பளத்தில் பெங்களூருக்கு மாறிவிட்டார். மகள் ஆறாம் வகுப்புக்கு வந்துவிட்டாள். ஃபீஸ் ரசீது, வேன் ரசீது எல்லாம் மஞ்சள் பையில் தூங்குகின்றன. "இதையெல்லாம் பழைய கட்டுக்குள்ள சொருக முடியாதும்மா" என்றார் வக்கீல் அக்கா.

சூழ்நிலை மாறினால் தொகையை மாற்றச் சொல்லி அதே குடும்ப நீதிமன்றத்தில் மனு போடலாம். முன்பு 127-ஆவது பிரிவு, இப்போது அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 146. அதோடு ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் 2020-இல் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும். அவருடைய புதுச் சம்பளம் வெளியே வர எனக்குத் தெரிந்த நேர்வழி அதுதான்.

சும்மா "வேண்டாம்" என்று சொல்லிவிட்டு வரக்கூடாது. சிவில் வழக்கில் அனுமதி வாங்காமல் விட்டால் அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போட முடியாது. என்னுடையது சிவில் வழக்கு இல்லை என்றாலும் வக்கீல் அக்கா விடவில்லை. மனுக்கட்டிலேயே, திரும்பப் பெறுகிறோம் என்ற குறிப்பை (எண்டார்ஸ்மென்ட்) எழுதிக் கையெழுத்துப் போட்டார். "திரும்பப் பெற்றதால் தள்ளுபடி, சட்டப்படியான மற்ற நிவாரணங்களை நாட உரிமை உண்டு" என்று நீதிபதி சொன்னார். இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. அந்தப் பின்பாதி வரியைக் கேட்ட பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது. நகல் கையில் வந்ததும் முதலில் அதைத்தான் தேடிப் படிப்பேன்.

இப்போது என் வயிற்றெரிச்சல். உத்தரவுக்குப் பிறகு அவர் ஒரு மாதம்கூடக் கட்டவில்லை. ஹைகோர்ட்டில் மனு நிற்கிறதே, பாக்கியைப் பற்றி இப்போது பேசக் கூடாது போல என்று நானாக நினைத்து உட்கார்ந்துவிட்டேன். தடை உத்தரவு எதுவும் இல்லை, யாரும் தடுக்கவில்லை. ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும், அது தர வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போட்டால்தான் வசூல் வாரண்ட் கிடைக்கும். முதல் மூன்று மாதம், 30,000 ரூபாய், அந்தக் கெடுவைத் தாண்டிவிட்டது. மகளுடைய ஒரு டெர்ம் ஃபீஸ் அது. நீங்கள் இதே நிலையில் இருந்தால் தயவுசெய்து இன்றைக்கே தேதியைப் பாருங்கள்.

வக்கீல் வைக்கப் பணமில்லை என்றால் இலவச சட்ட உதவி எண் 15100-க்கு அழையுங்கள். பெண்களுக்கு இலவச சட்ட உதவி கிடைக்க வருமான வரம்பு கிடையாது.

திங்கட்கிழமை பாக்கிக்கு ஒரு மனு, தொகையைக் கூட்ட ஒரு மனு, இரண்டும் தாக்கலாகின்றன. ரசீதுகளைத் தேதி வாரியாக அடுக்க வேண்டும், மகள் பஞ்சிங் மெஷினோடு காத்திருக்கிறாள். வாய்தா தேதி தெரிந்ததும் சொல்கிறேன்.