பெக்கி ஆஷ்கிராஃப்ட்: எழுபது வயதுக்குப் பின் திரை கண்டுகொண்ட நடிகை

[திரையில்: கருப்பு வெள்ளைக் காட்சி, ஸ்காட்லாந்தின் ஒரு குடிசை]

ஆல்ஃபிரட் ஹிட்ச்காக் 1935இல் இயக்கிய 'தி 39 ஸ்டெப்ஸ்' படத்தில், தப்பியோடும் நாயகனுக்குத் தன் கணவனின் மேலங்கியைக் கொடுத்தனுப்பும் இளம் மனைவி ஒருத்தி சில நிமிடங்களே வருகிறாள். அந்த அங்கிப் பையில் இருந்த பாடல் புத்தகம்தான் பின்னர் துப்பாக்கிக் குண்டைத் தடுத்து அவன் உயிரைக் காக்கிறது. அந்தச் சிறு வேடத்தில் நடித்தவர் பெக்கி ஆஷ்கிராஃப்ட். அதே ஆண்டின் பிற்பகுதியில் லண்டன் நியூ தியேட்டரில் அவர் ஜூலியட்டாக நின்றபோது, ஜான் கீல்குட்டும் லாரன்ஸ் ஒலிவியரும் ரோமியோ, அவன் நண்பன் மெர்குஷியோ ஆகிய வேடங்களைத் தமக்குள் மாற்றி மாற்றி ஏற்று நடித்தார்கள்.

குராய்டனில் 1907இல் பிறந்த அவர், 1926இல் பர்மிங்ஹாமில் மேடையேறினார். 1930இல் கறுப்பின நடிகர் பால் ரோப்சன் ஒத்தெல்லோவாக நடித்த ஷேக்ஸ்பியர் நாடகத்தில், அவன் மனைவி டெஸ்டிமோனா ஆனார். கறுப்பின நடிகரோடு வெள்ளைக்காரப் பெண் காதல் காட்சியில் தோன்றுவதை அன்றைய லண்டனில் பலரால் ஏற்க முடியவில்லை.

[திரையில்: ஸ்ட்ராட்ஃபோர்டு அரங்கம்]

என் கணிப்பில் அவருடைய உச்சம் 1963இல் வந்தது. ஷேக்ஸ்பியரின் ஆறாம் ஹென்றி, மூன்றாம் ரிச்சர்ட் நாடகங்களைச் சுருக்கி இணைத்து ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி என்ற நாடகக் குழு ஸ்ட்ராட்ஃபோர்டில் மேடையேற்றிய 'வார்ஸ் ஆஃப் த ரோசஸ்' வரிசையில், இளம் மணப்பெண்ணாக இங்கிலாந்துக்கு வரும் மார்கரெட் அரசி, போர்களையும் மகனின் சாவையும் கடந்து, சாபமிட்டுத் திரியும் கிழவியாக முடிகிறாள். அந்த முழு வாழ்வையும் நடித்துக் காட்டியபோது ஆஷ்கிராஃப்ட்டுக்கு வயது 55.

இத்தனை நடந்தும் பரந்த ரசிகர் கூட்டம் அவரை அறிந்தது 1984இல்தான். அதுவும் பிரிட்டிஷ் இந்தியாவைச் சுற்றிய இரண்டு கதைகளால். 'தி ஜூவல் இன் த கிரவுன்' தொலைக்காட்சித் தொடரில் ஓய்வுபெற்ற மிஷனரி ஆசிரியை பார்பியாகவும், டேவிட் லீனின் 'எ பாசேஜ் டு இந்தியா' படத்தில், இந்தியாவுக்கு வரும் முதிய ஆங்கிலேயப் பெண்மணி மிசஸ் மூராகவும் நடித்தார். பெங்களூருக்கு அருகிலுள்ள சாவன்துர்காவின் பாறைகளே அப்படத்தில், கதையில் வரும் மராபார் குகைகளாயின. குகையின் எதிரொலியில் மிரண்டு வெளியேறும் மிசஸ் மூரின் முகத்தில், நம்பிக்கை ஒன்று உடைவதை வசனமில்லாமலே காணலாம்.

இந்தப் படத்துக்காகச் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கார் 1985இல் அவருக்குக் கிடைத்தது. 77 வயதில் அந்தப் பிரிவில் வென்றவர் அவர் ஒருவரே. விழாவுக்கு அவர் வரவில்லை. அவர் சார்பில் நடிகை ஏஞ்சலா லான்ஸ்பரி பெற்றுக்கொண்டார்.

1991இல் அவர் மறைந்தார். அவருடைய டெஸ்டிமோனாவையும் ஜூலியட்டையும் இன்று நாம் பார்க்க வழியில்லை. மார்கரெட் அரசியை மட்டும் பார்க்கலாம்: 1965இல் பிபிசி அந்த நாடகங்களைப் படம்பிடித்து ஒளிபரப்பியது.