டிஇ-550 கயட் கப்பல் என்ன ஆச்சு? – சந்தேகங்களுக்கு விளக்கம்

அடுத்த கேள்வி. "சார், ரெண்டாம் உலகப்போர் அமெரிக்கக் கப்பல் பட்டியல்ல டிஇ-550, கயட்னு ஒரு எஸ்கார்ட் (காவல்) கப்பல் பேர் இருக்கு. தேடினா ஒரு போட்டோகூட கிடைக்கல. மூழ்கடிச்சுட்டாங்களா?"னு ஒரு நண்பர் கேட்டிருக்கார்.

இல்லைங்க. மூழ்கணும்னா முதல்ல கப்பல்னு ஒண்ணு இருக்கணும்ல? இது காகிதத்தோட நின்னுபோச்சு. பாஸ்டன் கடற்படைத் தளத்துல கட்டுறதா இருந்தது, 1944 ஜூன்ல ஆர்டரையே ரத்து பண்ணிட்டாங்க.

ஏன்னா, 1942ல ஜெர்மன் நீர்மூழ்கிங்க அமெரிக்கக் கிழக்குக் கரையோரமே வந்து எண்ணெய்க் கப்பல்களை அடிச்சுது. கூடவே காவலுக்குப் போகக் கப்பல் பத்தல. டிஸ்ட்ராயர்ங்கிற பெரிய, வேகமான போர்க்கப்பல் கட்ட நாளும் ஆகும், செலவும் ஜாஸ்தி. அதனால, வேகம் 24 நாட் (மணிக்கு சுமார் 44 கிலோமீட்டர்) இருந்தா போதும், நீர்மூழ்கியைத் தேடிக் குண்டு போட்டா போதும்னு டிஸ்ட்ராயர் எஸ்கார்ட்னு (சுருக்கமா டிஇ) ஒரு ரகத்தைக் கொண்டுவந்தாங்க. ஆயிரத்துக்கு மேல ஆர்டர்! ஆனா படைகளைக் கரையிறக்குற லேண்டிங் கிராஃப்டுக்கு முன்னுரிமை போயிடுச்சு. இந்த ரகத்துல முதல் கப்பல் சேவைக்கு வந்ததே 1943 ஜனவரியில. அந்த மே மாசமே ஜெர்மனி 41 நீர்மூழ்கியை இழந்துச்சு, ஜெர்மன் கடற்படைத் தளபதி டோனிட்ஸ் மிச்சத்தை வட அட்லாண்டிக்ல இருந்து விலக்கிட்டார். அவசரம் தீர்ந்தப்புறம் கப்பல் வரிசையா வந்து என்ன பிரயோஜனம்? 560 சொச்சம் முடிச்சதோட சரி. டிசைன் சொதப்பல், அதான் நிறுத்திட்டாங்கன்னு ஒரு பேச்சு ஓடுது, அதை நம்பாதீங்க.

இப்ப பேர் விஷயம், எனக்குப் பிடிச்ச பகுதி. எட்வர்ட் கயட் ஒரு மரைன் ரெய்டர், அதாவது அமெரிக்க மரைன் படையோட அதிரடிப் பிரிவுச் சிப்பாய். 1942 ஆகஸ்ட்ல பசிபிக் பெருங்கடல்ல இருக்குற துலாகி தீவுல, ஜப்பான்காரங்க நெருங்கி வர்றதைச் சொல்லிட்டு, இருந்த இடத்தை விட்டு நகராம சண்டை போட்டார், கையெறிகுண்டுல உயிர் போச்சு. இறந்தப்புறம் சில்வர் ஸ்டார் வீரப்பதக்கம் கொடுத்தாங்க. எஸ்கார்ட் ரத்தானதும் அந்தப் பேரை அப்படியே விட மனசு வரல போல, கியரிங் ரக டிஸ்ட்ராயர் ஒண்ணுக்கு வெச்சாங்க. அதான் டிடி-712, 1945ல சேவைக்கு வந்தது. பத்து வருஷம் கழிச்சு அதே பாஸ்டனுக்குத்தான் போச்சு, விமானங்களைச் சுட்டு வீழ்த்துற டெரியர் ஏவுகணை பொருத்த. 1956ல வெளிய வந்தப்ப, உலகத்தோட முதல் ஏவுகணை டிஸ்ட்ராயர் அதுதான்!

அதனால நண்பரே, டிஇ-550ன்னு தேடாதீங்க. டிடி-712ன்னு போடுங்க, இல்லைன்னா ஏவுகணை டிஸ்ட்ராயரா ஆனப்புறம் அதுக்குக் கிடைச்ச எண், டிடிஜி-1. போட்டோ வேணுங்கிற அளவுக்கு வரும்.