சைக்கிள் பந்தயத்துக்கு அரண்மனை நடன இசை

நேயர்களுக்கு வணக்கம். ஆவணப்படம் என்றதும் காதில் என்ன விழுகிறது? அடியில் சிந்தசைசரின் ஓர் இழுவை, மேலே கனத்த குரலில் ஒருவர் பேசிக்கொண்டே போவார். இசை அங்கே ஒப்புக்குச் சப்பாணி. இது எனக்கு ரொம்ப நாளைய மனக்குறை.

இதைச் சொல்லும்போதெல்லாம் நான் ஒரு படத்தை இழுப்பேன். 1974-இல் வந்த 'லா கூர்ஸ் ஆன் தெத்' என்ற பிரெஞ்சு ஆவணப்படம். இயக்கியவர் ஜோயல் சாந்தோனி. டூர் டி பிரான்ஸ் பந்தயத்தை ஐந்து முறை வென்ற பெல்ஜியத்து சைக்கிள் வீரர் எடி மெர்க்ஸைப் பற்றியது. அதற்கு இசை, சுமார் ஐந்நூறு வருஷத்துக்கு முந்தைய ஐரோப்பாவின் மறுமலர்ச்சிக்கால வாத்தியங்களில்! மொட்டைத்தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போட்டவர் டேவிட் மன்ரோ என்ற ஆங்கிலேயர்.

இந்த மன்ரோவைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். 1942-இல் பர்மிங்ஹாமில் பிறந்தவர். கல்லூரிக்கு முன்பு பெரு நாட்டுக்குப் போய் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்தார்; திரும்பும்போது அந்தப் பக்கத்து நாட்டுப்புறக் குழல்களைக் கொண்டுவந்தார். கேம்பிரிட்ஜில் இவர் படித்தது இசை இல்லை, ஆங்கில இலக்கியம். அங்கே நண்பர் அறைச் சுவரில் ஒரு குழல் தொங்கியது. கைத்தடியைக் கவிழ்த்துப் பிடித்ததுபோல அடி வளைந்த குழல், பெயர் கிரம்ஹார்ன். பிடித்தது பித்து.

நாகஸ்வரக்காரர் சீவாளியை உதட்டில் கவ்வி ஊதுவார். உதட்டின் பிடியிலேயே கமகம் வரும். கிரம்ஹார்னிலும் இரட்டை நாக்குச் சீவாளிதான். ஆனால் அதன்மேல் ஒரு மூடி. உதடு சீவாளியைத் தொடவே தொடாது. அதனால் கூட்டிக் குறைத்து வாசிக்க வழியில்லை. ஸ்வரங்களும் ஏறத்தாழ ஒன்பதுதான். கறாரான ஒரு ரீங்காரம். சோகக் காட்சியில் பிழியப் பிழிய வாசிப்பதற்கு இது லாயக்கில்லை. ஆவணப்படத்துக்கு அதுதானே நல்லது! பார்க்கிறவனை அழு, சிரி என்று அது அதட்டாது.

சரி, சைக்கிளுக்கு வருவோம். அந்தக் காலத்து இசையில் பெரும்பங்கு நடனத்துக்காக எழுதப்பட்டது. கல்லியார்ட் என்று ஒரு நடனம் உண்டு. ஆறு எண்ணிக்கை: முதல் நாலுக்கு நாலு காலடி, ஐந்தில் துள்ளல், ஆறில் தரை. கால்களுக்காகப் பிறந்த இசை அது. மிதிக்கிற கால்களுக்கு அது பொருந்துவதில் என்ன அதிசயம்? சரித்திரப் படத்துக்குப் பழைய இசை போடுவது சுலபம். மன்ரோவே பிபிசியின் எட்டாம் ஹென்றி, எலிசபெத் தொலைக்காட்சித் தொடர்களுக்கு அதைச் செய்தவர்தான். அங்கே இசையும் ஓர் உடுப்பு. இங்கே உடுப்பைக் கழற்றிவிட்டார்; தாளம் மட்டும் மிச்சம். கால்களுக்கான இசை என்பதை மறந்துவிடாதீர்கள்.

இவர் நம்ம வானொலித் தொழில்காரரும்கூட. பிபிசி ரேடியோ 3-இல் 'பைட் பைப்பர்' என்று இளைஞர்களுக்காக 1971 முதல் நிகழ்ச்சி நடத்தினார். 1976-இல், 33 வயதில் போய்விட்டார். மறுவருஷம் வாயேஜர் விண்கலங்களில் வைத்த தங்க இசைத்தட்டில் ஆண்டனி ஹோல்போர்ன் என்ற பழைய ஆங்கிலேய இசையமைப்பாளரின் ஒரு நடன இசை இருக்கிறதல்லவா, அது மன்ரோ குழுவினர் வாசித்ததுதான்.

மறுமலர்ச்சிக்கு அடுத்து வந்த பரோக் இசைக்கு, விவால்டி காலத்து இசைக்கு, இப்போதுதான் வருகிறேன்; அதற்குள் ஸ்டூடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நேரமாகிவிட்டது என்று கை காட்டுகிறார்கள். ஒன்றே ஒன்று. மழை என்றால் விவால்டி, பனி என்றால் மறுபடியும் விவால்டி என்று போடும் இயக்குநர்களே, அதே காலத்து டெலிமான் என்று ஒருவர் மூட்டை மூட்டையாக எழுதி வைத்திருக்கிறார். அவரையும் கொஞ்சம் கேட்டுப் பாருங்கள். வணக்கம்.