700-ஆவது பில்லில் நின்றுபோகும் கம்ப்யூட்டர்: ஹேண்டில் கசிவு எப்படி நடக்கிறது?

(திரையில்: திருவந்திபுரம் தேவநாத சுவாமி கோயில் வாசல், முகூர்த்த நாள் கூட்டம்)

வணக்கம். இந்தக் கூட்டத்தைப் பார்த்ததுமே கடலூர்க்காரர்கள் சொல்லிவிடுவார்கள், இன்று முகூர்த்த நாள் என்று. வருகிறவர்கள் செருப்பைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, ஒரு டோக்கன் வாங்கிக்கொண்டு உள்ளே போகிறார்கள். அந்த டோக்கனை மறக்காமல் கையில் வைத்துக்கொள்ளுங்கள். இந்த வீடியோ முடியும்வரை அது தேவைப்படும்.

(திரையில்: ஒரு கடை, பில் போடும் கம்ப்யூட்டர், பாதி கறுத்த ஜன்னல்)

கடலூர் மஞ்சக்குப்பத்தில் நான் கம்ப்யூட்டர் பார்த்துக்கொடுக்கும் மளிகைக் கடை ஒன்று இருக்கிறது. காலையில் பில் போடும் மென்பொருள் நன்றாக ஓடும். சாயங்காலம் ஆனதும் முதலில் எழுத்தின் வடிவம் மாறும், பிறகு பட்டன்கள் ஒவ்வொன்றாகக் காணாமல் போகும், கடைசியில் ஜன்னலில் பாதி கறுப்பாக நின்றுவிடும். மூடித் திறந்தால் சரி. மறுநாள் சாயங்காலம் மறுபடியும் அதே கதை. "தம்பி, ராம் பத்தலையோ?" என்றார் அண்ணாச்சி. 4 ஜிபியை 8 ஆக்கினேன். ஒரு மாற்றமும் இல்லை. அவர் பணத்தை வீணாக்கிவிட்டேனே என்று எனக்குத் தூக்கமே வரவில்லை.

பொங்கலுக்கு இரண்டு நாள் முன்பு, கடை நிறையக் கூட்டம். அன்று மதியம் 2 மணிக்கே நின்றது. அப்போதுதான் உறைத்தது: இது நேரத்தைப் பொறுத்த கோளாறு இல்லை. பில் எண்ணைப் பார்த்தேன். சாதாரண நாளோ பண்டிகை நாளோ, திறந்ததிலிருந்து ஏறக்குறைய 700 பில் ஆனதும் நிற்கிறது.

சரி, இப்போது டோக்கனுக்கு வருவோம்.

(திரையில்: சிஸ்டம்32 ஃபோல்டர், அதில் கெர்னல்32, யூசர்32, ஜிடிஐ32 கோப்புகள்)

விண்டோஸில் ஒரு மென்பொருள் கோப்பைத் திறக்க வேண்டும், ஜன்னல் வரைய வேண்டும், எழுத்து அச்சிட வேண்டும் என்றால் அதை நேரடியாகச் செய்ய முடியாது. டி.எல்.எல். எனப்படும் பொது நூலகக் கோப்புகளிடம் கேட்க வேண்டும். கோப்பு வேலைக்கு கெர்னல்32, ஜன்னல் வேலைக்கு யூசர்32, படம், எழுத்து வேலைக்கு ஜிடிஐ32. 1985-இல் வந்த முதல் விண்டோஸிலேயே கெர்னல், யூசர், ஜிடிஐ என்ற இந்த மூன்று பிரிவும் உண்டு. பத்து மென்பொருள் ஓடினாலும் ஒரு டி.எல்.எல்.லின் நிரல் நினைவகத்தில் ஒரு பிரதிதான். எல்லோரும் அதையே பகிர்ந்துகொள்கிறார்கள். ஒவ்வொரு குடும்பமும் செருப்பு வைக்கத் தனித்தனி அலமாரி தூக்கி வருவதில்லை அல்லவா, அதுபோல.

கேட்டதும் பொருள் நம் கைக்கு வராது. பொருள் உள்ளே அலமாரியிலேயே இருக்கும். கைக்கு வருவது ஒரு எண் மட்டும். அதுதான் ஹேண்டில். "இந்த எண்ணுக்குரிய கோப்பில் எழுது" என்று சொன்னால், கெர்னல்32 அந்த வேண்டுகோளை என்டிடிஎல்எல் என்ற இன்னொரு டி.எல்.எல். வழியாக, உள்ளே விண்டோஸின் மையப் பகுதியான கெர்னலுக்கு அனுப்புகிறது. அலமாரி கெர்னலிடம், கவுன்டர் டி.எல்.எல்.லிடம்.

கோப்பு ஹேண்டில் அந்தந்த மென்பொருளின் சொந்தக் கணக்கு. என் டோக்கன் 48-உம் பக்கத்து ஊர்க் கோயிலின் டோக்கன் 48-உம் ஒரே செருப்பு இல்லை. இன்னொன்று, திருப்பிக் கொடுத்த டோக்கன் உடனே வேறொருவர் கைக்குப் போகலாம். ஹேண்டிலும் அப்படித்தான். ஒரு முறை மூடிய எண்ணை நிரல் தவறுதலாக இரண்டாம் முறை மூடினால், இடையில் அதே எண்ணில் திறந்த வேறொரு கோப்பு மூடிக்கொள்ளும். தேடிப் பிடிக்கவே முடியாத பிழைகளில் பல இந்த வகைதான். புதிதாக நிரல் எழுதும் பிள்ளைகள் இதைக் கொஞ்சம் நின்று கவனியுங்கள்: மூடியவுடன், ஹேண்டில் எண்ணைப் போட்டு வைத்த மாறியைப் பூஜ்யமாக்கிவிடுங்கள்.

இனி, வாங்கிய டோக்கனைத் திருப்பிக் கொடுக்காவிட்டால்? அதுதான் ஹேண்டில் கசிவு.

(திரையில்: டாஸ்க் மேனேஜர், டீடெயில்ஸ் பக்கம்)

அண்ணாச்சி கடையில் டாஸ்க் மேனேஜரைத் திறந்தேன். டீடெயில்ஸ் பக்கத்தில் மேல் தலைப்பை ரைட் கிளிக் செய்தால் செலக்ட் காலம்ஸ் வரும். அதில் ஹேண்டில்ஸ், யூசர் ஆப்ஜெக்ட்ஸ், ஜிடிஐ ஆப்ஜெக்ட்ஸ் மூன்றையும் டிக் செய்யுங்கள். பில் மென்பொருளின் ஜிடிஐ எண்ணிக்கை, அதாவது எழுத்துரு போன்ற வரையும் பொருள்களுக்கு அது வாங்கி வைத்திருக்கும் டோக்கன்கள், காலையில் 200 சொச்சம். 15 வரியுள்ள ஒரு பில் போட்டதும் 14 கூடியது. அடுத்த பில்லுக்கு இன்னும் 14. எதுவும் குறையவே இல்லை.

விண்டோஸ் வழக்கமாக ஒரு மென்பொருளுக்கு அனுமதிப்பது 10,000 ஜிடிஐ பொருள்கள். 14-ஐ 700-ஆல் பெருக்குங்கள்: 9,800. ஏற்கெனவே இருந்த 200-ஐச் சேர்த்தால் கணக்கு முடிந்தது. எத்தனை ஜிபி ராம் போட்டாலும் இந்த எல்லை நகராது. புது எழுத்துரு கேட்டால் கிடைக்காது, அதனால் எழுத்து மாறும். வரையக் கேட்டால் கிடைக்காது, அதனால் ஜன்னல் கறுக்கும். மூடித் திறந்ததும் சரியாவதற்கும் இதுதான் காரணம். ஒரு மென்பொருள் முடியும்போது அது வைத்திருந்த எல்லாவற்றையும் விண்டோஸே வாங்கி வைத்துவிடுகிறது.

கசிவு எங்கே என்று தேடினால், பில் மென்பொருளின் சொந்த நிரலில் இல்லை. அது கூட்டி வந்த அச்சு டி.எல்.எல்.லில் இருந்தது. நம்முடன் வந்த ஒரு பையன் நம் பெயரைச் சொல்லி டோக்கன் வாங்குவது போல. வாங்கியது அவன், கணக்கு நம் பேரில். டாஸ்க் மேனேஜர் காட்டுவதும் நம் பெயரைத்தான். அதே டி.எல்.எல்.லை நாளுக்கு இருபது பில் போடும் கடையில் வைத்தால் இந்தக் குறையே கண்ணில் படாது.

(திரையில்: நிரலின் அந்தப் பகுதி, ஒரு சுற்று ஓடுகிறது)

பில்லின் ஒவ்வொரு வரிக்கும் எழுத்துரு உருவாக்கும் க்ரியேட்ஃபான்ட் கட்டளையை அழைத்து, வந்த ஹேண்டிலை ஒரே மாறியில் போட்டார்கள். சுற்று முடிந்த பிறகு, திருப்பிக் கொடுக்கும் டெலீட்ஆப்ஜெக்ட் கட்டளை ஒரே ஒரு முறை. டோக்கன் இருந்த கையிலேயே அடுத்த டோக்கனை வாங்கினால் முந்தையது கீழே விழத்தானே செய்யும்? 15 வாங்கி, கடைசி ஒன்றை மட்டும் திருப்பினார்கள்.

லினக்ஸிலும் இது உண்டு. அங்கே நூலகக் கோப்பின் பின்னொட்டு எஸ்ஓ, கோப்பு டோக்கனின் பெயர் ஃபைல் டிஸ்கிரிப்டர். பல கணினிகளில் தொடக்க எல்லை 1,024. தாண்டினால் திறந்த கோப்புகள் அதிகம் என்று பிழை வரும். யார் பிடித்து வைத்திருக்கிறார்கள் என்று எல்எஸ்ஓஎஃப் கட்டளை சொல்லும். விண்டோஸில் அந்த வேலைக்கு ப்ராசஸ் எக்ஸ்ப்ளோரர்.

அப்புறம் ஒரு வேண்டுகோள். ஏதோ டி.எல்.எல். இல்லை என்று செய்தி வந்தால், அந்தப் பெயரை வலையில் தேடி, கண்ட தளத்திலிருந்து இறக்கி சிஸ்டம்32-க்குள் போடாதீர்கள். அந்தக் கோப்பு உங்கள் மென்பொருளுக்குள் ஏறி, அந்த மென்பொருளுக்கு இருக்கும் உரிமை எல்லாவற்றோடும் ஓடும். விசிரன்டைம்140 போன்ற டி.எல்.எல்.கள் இல்லையென்றால் மைக்ரோசாஃப்ட் தரும் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிளை நிறுவினால் போதும்.

(திரையில்: மளிகைக் கடை, இரவு)

மென்பொருள் கொடுத்தவர்களுக்கு எண்களைப் படம் எடுத்து அனுப்பினேன். எழுத்துருவைச் சுற்றுக்கு வெளியே ஒரே முறை உருவாக்கும்படி மாற்றி, பத்து நாளில் புது டி.எல்.எல். அனுப்பினார்கள். போட்ட அன்று கடை அடைக்கும்வரை கூடவே உட்கார்ந்திருந்தேன். 811 பில். ஜிடிஐ எண்ணிக்கை 204.